ஆட்சேப மனுவில் யார் யார் கையெழுத்து?

(மைசூரு அக்ரஹாரம் பகுதியில் தமிழ் பேசும் தோழர்களின் கூட்டத்தில் ஆற்றப்பட்ட உரையின் எழுத்து வடிவம்)

தோழர்களே,

இந்தக் கூட்டத்திற்கு நான் வந்து சேர்ந்ததும் கிளைச் செயலாளர் என் கையில் ஒரு மனுவின் நகலைக் கொடுத்தார். கன்னடத்தில் தட்டச்சு செய்யப்பட்ட இரண்டு பக்க மனு. மாநகராட்சி ஆணையருக்கும் நகர மேம்பாட்டு ஆணையத்திற்கும் எழுதப்பட்டிருக்கிறது. நூறடிச் சாலையிலிருந்து உள்ளே பிரியும் ஒரு குறுந்தெருவில் பழைய ஓட்டு வீடு ஒன்றின் முன்பகுதியை இடித்து, கீழே உணவகமும் மேலே தங்கும் அறைகளுமாகக் கட்டும் வேலை தொடங்கியிருக்கிறது. குடியிருக்க வீடு கட்டுவதாகச் சொல்லி வாங்கிய உரிமத்தைக் கொண்டே இது நடைபெறுகிறது. இதைத் தடுத்து நிறுத்த வேண்டும் என்று அக்கம்பக்கத்தார் கேட்கிறார்கள். நம் தோழர்களும் கையெழுத்திட வேண்டும் என்று அவர்கள் விரும்புகிறார்கள்.

கையெழுத்திடலாமா, கூடாதா என்பதில் கிளைக்குள் கருத்து வேறுபாடு இருப்பதாக அறிந்தேன். ஒரு தோழர், "இது சொந்த வீடு உள்ளவர்களுக்கும் பெரிய வீடு உள்ளவர்களுக்கும் இடையிலான தகராறு, நமக்கு இதில் என்ன வேலை?" என்கிறார். இன்னொரு தோழர், "நியாயமான கோரிக்கை, கையெழுத்திட்டால் தெருவில் நமக்குச் செல்வாக்கு வளரும்" என்கிறார். மூன்றாவது தோழர் ஒரு கேள்வி மட்டும் கேட்டாராம்: "அந்த வீட்டின் பின்கட்டில் மூன்று குடும்பங்கள் வாடகைக்கு இருக்கின்றனவே, அவர்களை யாராவது கேட்டீர்களா?"

அந்தக் கேள்வியைப் பற்றித்தான் நான் இன்று பேசப் போகிறேன். ஆனால் அதற்கு முன், அக்கம்பக்கத்தாருக்கு இப்படி ஆட்சேபிக்கும் உரிமை சட்டப்படி உண்டா என்பதைப் பார்த்துவிட வேண்டும். "அவன் இடம், அவன் கட்டுகிறான், நீ யார் கேட்பதற்கு?" என்ற பேச்சு நம்மிடையேயும் புழங்குகிறது.

உடுப்பியில் ஒரு திரையரங்கு

இந்த மாநிலம் மைசூரு மாநிலம் என்று அழைக்கப்பட்ட நாட்களில் உடுப்பியில் ஒரு வழக்கு எழுந்தது. ஒருவர் திருமண மண்டபமும் சொற்பொழிவுக் கூடமும் கட்டுவதாக நகராட்சியிடம் அனுமதி பெற்றார். பிறகு அதையே திரையரங்காக மாற்ற விண்ணப்பித்தார். நகராட்சி மன்றம் தீர்மானம் போட்டு அனுமதித்துவிட்டது. அந்த இடமோ நகரமைப்புத் திட்டத்தில் குடியிருப்புப் பகுதி. தென் கன்னடம் முன்பு சென்னை மாகாணத்தில் இருந்ததால், அத்திட்டம் 1920ஆம் ஆண்டின் சென்னை நகரமைப்புச் சட்டத்தின் கீழ் வந்தது. அங்கே குடியிருந்த ஒருவர் வழக்குத் தொடுத்தார்.

உயர் நீதிமன்றம் என்ன செய்தது என்பது கவனிக்கத்தக்கது. நகராட்சியின் தீர்மானம் சட்டவிரோதம் என்று அது ஒப்புக்கொண்டது. ஆனால் கட்டியவர் பெருந்தொகை செலவழித்துவிட்டார் என்று சொல்லி, தலையிட மறுத்துவிட்டது. தோழர்களே, நம் நாட்டில் பணம் சட்டத்தை எப்படி வெல்கிறது என்பதற்கு இதைவிடச் சுருக்கமான விளக்கம் கிடையாது. முதலில் கட்டிவிடு, பிறகு கட்டியதையே வாதமாக வை!

வழக்கு உச்ச நீதிமன்றம் சென்றது. 1974இல் தலைமை நீதிபதி ஏ.என்.ரே எழுதிய தீர்ப்பு, உயர் நீதிமன்றத்தின் இந்த நிலையை ஏற்கவில்லை. குடியிருப்புப் பகுதியில் சட்டத்திற்குப் புறம்பாக எழும் கட்டிடம் அங்கு வாழ்வோரின் உரிமையைப் பாதிக்கிறது. நகரமைப்புத் திட்டத்தைக் காப்பது நகராட்சியின் சட்டக் கடமை. அக்கடமையை நிறைவேற்றும்படி கேட்கும் உரிமை, வரி செலுத்தும் சாதாரணக் குடிமகனுக்கு உண்டு. செலவழித்த பணம் சட்டவிரோதத்தைச் சட்டமாக்கிவிடாது என்பதே அதன் சாரம். இன்றும் இந்தியாவின் எந்த ஊரிலும் அக்கம்பக்கத்தார் இத்தகைய வழக்கைத் தொடுத்தால் உடுப்பித் தீர்ப்பை மேற்கோள் காட்டாமல் இருப்பதில்லை. அதை வாங்கிக் கொடுத்தது நம் மாநிலத்துக்காரர் ஒருவரின் பிடிவாதம்.

எனவே உரிமை இருக்கிறது. அது எங்கே எழுதப்பட்டிருக்கிறது? 1961ஆம் ஆண்டின் கர்நாடக நகர, ஊரமைப்புச் சட்டத்தில். நிலத்தின் பயன்பாட்டை மாற்றுவதானால் திட்ட ஆணையத்தின் எழுத்துமூல அனுமதி வேண்டும் என்கிறது அதன் 14ஆம் பிரிவு. திட்டத்தில் குடியிருப்பு என்று குறிக்கப்பட்டதை வணிகம் என்று மாற்ற வேண்டுமானால் 14-ஏ பிரிவின்படி மூன்று நிபந்தனைகள் நிறைவேற வேண்டும். மாற்றம் பொதுநலனுக்கு உரியதாக இருக்க வேண்டும். வேறு எந்தச் சட்டத்திற்கும் முரணாகக் கூடாது. அப்பகுதியில் வாசிக்கப்படும் நாளிதழில் அறிவிப்பு வெளியிட்டு, பதினைந்து நாட்களுக்குக் குறையாமல் அவகாசம் தந்து, மக்களின் ஆட்சேபங்களைக் கேட்க வேண்டும். மாநில அரசின் முன் ஒப்புதலும் வேண்டும்.

அந்தப் பதினைந்து நாள் அறிவிப்பை உங்களில் எத்தனை பேர் பார்த்திருக்கிறீர்கள்? கையை உயர்த்தச் சொல்லமாட்டேன். நானும் பார்ப்பதில்லை. நாளிதழின் உட்பக்கத்தில், டெண்டர் விளம்பரங்களுக்கும் காணாமற்போன சான்றிதழ் விளம்பரங்களுக்கும் நடுவே, புல எண்ணும் சதுர அடியும் மட்டும் கொண்டு அது வந்து போகும். 1987இல் பெங்களூரு நகரமைப்புத் திட்டம் பற்றிய ஒரு வழக்கில், மக்களைக் கட்டுப்படுத்தும் சட்டம் அம்மக்களுக்குத் தெரியும்படி அறிவிக்கப்பட வேண்டும் என்று நீதிபதி சின்னப்ப ரெட்டி வலியுறுத்தினார். சட்டம் கேட்கும் அறிவிப்பு வந்துவிடுகிறது. ஆனால் மக்களுக்குத் தெரிவதில்லை. இந்த இடைவெளியில்தான் நகரமே மாறிக்கொண்டிருக்கிறது.

வீட்டுக்குள் இருப்பவர்

இப்போது மூன்றாவது தோழரின் கேள்விக்கு வருகிறேன்.

உடுப்பி வழக்கில் கேட்கப்பட்டவர் யார்? பக்கத்தில் குடியிருந்தவர். 14-ஏ பிரிவில் கேட்கப்படுபவர் யார்? நாளிதழ் வாசிக்கும் பொதுமக்கள். மாற்றப்படும் அந்த வீட்டிற்குள்ளேயே குடியிருப்பவரை இச்சட்டம் தனியாகக் கண்டுகொள்கிறதா? இல்லை. பக்கத்து வீட்டுக்காரருக்கு வெளிச்சம் மறைகிறது, காற்று மறைகிறது. பின்கட்டுக் குடித்தனக்காரருக்கோ வீடே மறைகிறது. ஆனால் மனு முதலாமவருடையது.

எப்போதும் இப்படி இருந்ததில்லை. தமிழ்நாட்டில் 1960ஆம் ஆண்டின் கட்டிடங்கள் குத்தகை, வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டம் என்று ஒன்று இருந்தது. அதன் 21ஆவது பிரிவு இரண்டே வரி. குடியிருப்புக் கட்டிடம் எதையும் வாடகைக் கட்டுப்பாட்டு அதிகாரியின் எழுத்துமூல அனுமதி இல்லாமல் குடியிருப்பு அல்லாத கட்டிடமாக மாற்றக் கூடாது என்பதுதான் அது. இதன் வேர் இரண்டாம் உலகப்போர்க் காலத்து வீட்டுப் பஞ்சத்தில் இருக்கிறது. வீடு என்பது அதன் சொந்தக்காரரின் பண்டம் மட்டுமல்ல, ஊரின் வீட்டு இருப்பில் ஒரு பகுதி என்று அரசு அன்று கருத வேண்டியிருந்தது. ஒரு வீடு கடையானால், குடியிருக்கும் இடத்தில் ஒன்று குறைகிறது என்ற எளிய கணக்கு அந்தப் பிரிவுக்குள் இருந்தது. தெருவின் அமைதியையும் அழகையும் அது கணக்கில் எடுக்கவில்லை. அந்தக் கணக்கு நம்முடைய கணக்கு.

2017ஆம் ஆண்டின் புதிய வாடகைச் சட்டம் 2019 பிப்ரவரியில் நடைமுறைக்கு வந்தபோது பழைய சட்டம் விலக்கப்பட்டது. அத்துடன் அந்த இரண்டு வரியும் போயிற்று. யாரும் அழவில்லை. வாடகைச் சந்தைக்கு ஊக்கம் தருகிறோம் என்றார்கள்.

இங்கே கர்நாடகத்தில் 1999ஆம் ஆண்டின் வாடகைச் சட்டம் இருக்கிறது. மாத வாடகை 3,500 ரூபாயைத் தாண்டினால் பெருநகரங்களிலும் அதன் பாதுகாப்புக் கிடையாது. வணிக இடமானால் பதினான்கு சதுர மீட்டருக்குள் இருக்க வேண்டும். இன்று இந்த அக்ரஹாரத்தில் 3,500 ரூபாய்க்கு என்ன கிடைக்கும்? ஸ்கூட்டர் நிறுத்த இடம் கிடைத்தால் அதிர்ஷ்டம். நம் வாடகைச் சட்டங்களில் இன்னொரு விந்தையும் உண்டு. குடியிருக்க வாங்கிய வீட்டைக் குடித்தனக்காரர் வேறு பயனுக்கு மாற்றினால், அது அவரை வெளியேற்றக் காரணமாகும். தையல் இயந்திரம் ஒன்றைப் போட்டு உட்கார்ந்த பெண்ணைச் சட்டம் துரத்தலாம். வீடு முழுவதையும் விடுதியாக்கும் உரிமையாளரை, அதே வீட்டில் பத்து ஆண்டு வாடகை கொடுத்தவர் ஒரு சொல் கேட்க முடியாது.

ஏங்கெல்ஸ் 1872இல் லைப்சிக்கிலிருந்து வெளிவந்த ஓர் ஏட்டில் குடியிருப்புப் பிரச்சினை பற்றித் தொடர் கட்டுரைகள் எழுதினார். நகரங்கள் வளரும்போது மையப் பகுதியில் நிலத்தின் விலை செயற்கையாக ஏறுகிறது. அந்த நிலத்தின் மேல் நிற்கும் தொழிலாளர் வீடுகள் அந்த விலையைக் குறைக்கும் சுமையாகிவிடுகின்றன. எனவே அவை இடிக்கப்பட்டுக் கடைகளும் கிடங்குகளும் பொதுக் கட்டிடங்களும் எழுகின்றன என்று அதில் விளக்கினார். நூற்றைம்பது ஆண்டு கழித்து, அரண்மனையிலிருந்து நடந்து போகும் தூரத்தில், ஆண்டுதோறும் தசராவுக்கு ஊரே நிரம்பி வழியும் இடத்தில், வாணி விலாஸ் சந்தைக்குப் பக்கத்தில் ஓர் ஓட்டு வீடு நிற்கிறது. அதன் வாடகை வருமானத்தையும் விடுதி அறை வருமானத்தையும் ஒரு தாளில் எழுதிப் பாருங்கள். உரிமையாளர் கெட்டவராக இருக்க வேண்டிய அவசியமே இல்லை. நிலத்தின் விலை அவரைத் தள்ளுகிறது. அவர் குடித்தனக்காரர்களைத் தள்ளுகிறார்.

அரசாங்கம் இந்தத் தள்ளலைத் தடுப்பதில்லை, கட்டணம் வசூலிக்கிறது. தமிழ்நாட்டில் 1998இல் 113-ஏ பிரிவு வந்தது. பணம் கட்டினால் விதிமீறிய கட்டிடம் முறையாகிவிடும். கர்நாடகத்தில் 'அக்ரம-சக்ரம' என்று அதற்குப் பாட்டாகவே பெயர் வைத்தார்கள். குடியிருப்புக் கட்டிடத்தில் 50 சதவீதம் வரை, வணிகக் கட்டிடத்தில் 25 சதவீதம் வரை விதிமீறல் இருந்தால் கட்டணம் செலுத்தி முறைப்படுத்திக்கொள்ளலாம் என்றது திட்டம். 2017 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் அதற்குத் தடை விதித்தது. ஆட்சேபங்களைக் கேட்டு முடிவெடுக்க வேண்டிய அமைப்புகளின் நிலைமையோ உங்களுக்கு நான் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. இந்த நகரின் 'மூடா'வில் மாற்று மனை ஒதுக்கீடு பற்றி எழுந்த முறைகேட்டுப் புகார்கள் 2024இல் மாநில அரசியலையே உலுக்கின.

தில்லியில் நடந்தது

அப்படியானால் நீதிமன்றம் கடுமையாக நடந்துகொண்டால் போதுமா? தில்லியின் அனுபவம் வேறு பாடம் சொல்கிறது.

சுற்றுச்சூழல் பொதுநல வழக்கு ஒன்றின் தொடர்ச்சியாக, குடியிருப்புப் பகுதிகளில் இயங்கிய ஆலைகளை மூட உத்தரவாயிற்று. 2000 நவம்பரில் தில்லித் தெருக்களில் தொழிலாளர்கள் கொந்தளித்தார்கள். அந்த வழக்கில் மனுதாரர் இருந்தார், அரசு இருந்தது, ஆலை முதலாளிகள் இருந்தார்கள். வேலை இழக்கப்போகும் தொழிலாளி இல்லை. 2006 பிப்ரவரி 16 அன்று அதே எம்.சி.மேத்தா வழக்கு வரிசையில் இன்னொரு தீர்ப்பு வந்தது. வீடுகளைக் கடைகளாகப் பயன்படுத்துவதை நிறுத்தி முத்திரையிட வேண்டும் என்றது. சீலம்பூரில் அந்தச் செப்டம்பரில் போலீஸ் துப்பாக்கிச் சூட்டில் உயிர்கள் பறிபோயின. நாடாளுமன்றம் அதற்கு முன்பே அவசரமாக ஒரு சட்டம் இயற்றி ஓராண்டு அவகாசம் தந்திருந்தது. அந்த ஓராண்டு மீண்டும் மீண்டும் நீட்டிக்கப்பட்டது. 2007இல் புதிய மாஸ்டர் பிளான் வந்தது. கலப்புப் பயன்பாடு என்றும், மாற்றக் கட்டணம் என்றும் வழிகள் திறந்தன. கட்டணம் செலுத்த முடிந்தவர்கள் தங்கினார்கள். 2000இல் மூடப்பட்ட பட்டறைகளின் தொழிலாளர்களுக்கு யாரும் கட்டண விகிதம் அறிவிக்கவில்லை.

நொய்டாவைப் பாருங்கள். குடியிருப்புப் பகுதிகளில் வங்கிகளும் மருத்துவமனைகளும் இயங்கக் கூடாது என்று 2011 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. சரியான தீர்ப்புதான். ஆனால் மருத்துவர், வழக்கறிஞர், கட்டிடக் கலைஞர் ஆகியோர் தம் வீட்டின் ஒரு பகுதியில் தொழில் செய்து கொள்ளலாம் என்றும் ஒரு விலக்கு இருந்தது. படித்த தொழில்களுக்கு விலக்கு. வீட்டுத் திண்ணையில் மாவு அரைத்து விற்பவருக்கு? பூக்கட்டுபவருக்கு? அவர்களின் பெயரைச் சொல்ல அங்கே யாரும் இல்லை.

அண்மையது மீரட் சாஸ்திரி நகர் வழக்கு. வீட்டு வசதி வாரியம் குடியிருக்க ஒதுக்கிய மனையில் கடைத்தொகுதி எழுந்தது. 2024 டிசம்பர் 17 அன்று நீதிபதிகள் பர்திவாலா, ஆர்.மகாதேவன் அமர்வு அதை இடிக்க உத்தரவிட்டது. இத்தீர்ப்பில் நமக்குப் பயன்படும் பொதுக் கட்டளைகள் பல இருக்கின்றன. முடிவுச் சான்றிதழ் இல்லாத கட்டிடத்திற்கு மின்சாரமும் குடிநீரும் தரக் கூடாது. அனுமதியற்ற கட்டிடத்தில் வணிக உரிமம் வழங்கக் கூடாது. வங்கிகள் சான்றிதழைப் பார்த்த பிறகே கடன் தர வேண்டும். தவறிழைத்த அதிகாரிகள் மீது நடவடிக்கை வேண்டும். 2025 அக்டோபரில் அந்தக் கடைத்தொகுதி இடிக்கப்பட்டது. நீண்ட காலம் கண்ணை மூடிக்கொண்டிருந்த அலுவலகம் நிற்கிறது. கடையை நம்பிப் பிழைத்தவர்கள் தெருவில் நின்றார்கள்.

இதைக் கேட்டுவிட்டு, "அப்படியானால் சட்டத்தை விட்டுவிடுவோம், எல்லாரும் பிழைத்துப் போகட்டும்" என்று சிலர் சொல்லக்கூடும். அதுவும் தவறு. 2019 டிசம்பர் 8 விடியற்காலையில் தில்லி அனாஜ் மண்டியில், குடியிருப்புப் பகுதியின் ஒரு கட்டிடத்தில் இயங்கிய பட்டறைகளில் தீப்பிடித்து 43 பேர் இறந்தார்கள். வேலை செய்த இடத்திலேயே படுத்துறங்கிய புலம்பெயர் தொழிலாளர்கள். 2024 ஜூலையில் பழைய ராஜேந்திர நகரில், பொருள் வைக்க மட்டுமே அனுமதி பெற்ற நிலவறையில் நடத்தப்பட்ட நூலகத்திற்குள் மழைநீர் புகுந்து மூன்று மாணவர்கள் மூழ்கி மாண்டார்கள். வீடாகக் கட்டப்பட்ட இடத்திற்கு ஒரே படிக்கட்டு, ஒரே வாசல். அதை ஐம்பது பேர் வேலை செய்யும் இடமாக்கும்போது, சட்டமீறலின் விலையைப் பக்கத்து வீட்டுக்காரர் தூக்கக்கேடாகச் செலுத்துகிறார். உள்ளே இருப்பவர் உயிராகச் செலுத்துகிறார். நாளை இந்தத் தெருவில் விடுதி எழுந்தால் அதன் சமையலறையிலும் மொட்டை மாடித் தகரக் கொட்டகையிலும் தங்கப்போவது யார்? ஒடிசாவிலிருந்தோ அசாமிலிருந்தோ தருமபுரியிலிருந்தோ வரும் பையன்கள். மனுவில் அவர்களுக்கும் இடம் இருக்க வேண்டும்.

மனுவின் ஏழாவது பத்தி

இப்போது மனுவையே எடுத்துக்கொள்வோம். முதல் ஆறு பத்திகளில் எனக்கு மறுப்பில்லை. தெருவின் அகலம், வண்டி நிறுத்த இடமின்மை, ஆழ்துளைக் கிணறு, கழிவுநீர்க் குழாயின் அளவு, ஜெனரேட்டர் இரைச்சல், வெளிச்சமும் காற்றும். எல்லாம் உண்மை. எல்லாவற்றிற்கும் சட்டத்தில் இடம் இருக்கிறது.

ஏழாவது பத்தியைத் தோழர்கள் கவனித்தீர்களா? வெளியாட்களின் நடமாட்டம் மிகும், மாமிச உணவு சமைக்கப்படும், தெருவின் பாரம்பரியத் தூய்மை கெடும் என்கிறது. எட்டாவது பத்தி, தெருமுனையில் இஸ்திரி போடும் தள்ளுவண்டியையும், வீடுகளில் நடக்கும் தையல் வேலையையும் கூடவே அகற்றக் கேட்கிறது.

அக்ரஹாரம் என்பது என்ன? அரசர்கள் பிராமணர்களுக்குத் தானமாக அளித்த குடியிருப்பு. யார் குடியிருக்கலாம் என்பதை மட்டுமல்ல, யார் நடக்கலாம் என்பதையும் தீர்மானித்த நிலப்பங்கீடு. 1924இல் ரெட்டமலை சீனிவாசன் சென்னை மாகாண சட்டமன்றத்தில், பொதுச் சாலைகளும் கிணறுகளும் எல்லாருக்கும் உரியவை என்று தீர்மானம் கொண்டுவந்து நிறைவேற்றினார். அதே காலத்தில் அன்றைய சென்னை மாகாணத்துப் பாலக்காட்டில், கல்பாத்தி அக்ரஹாரத் தெருவில் ஈழவர்கள் நடந்தபோது என்ன எதிர்ப்பு எழுந்தது! அதுவும் அக்கம்பக்கத்தாரின் ஆட்சேபம்தான். அமைதி கெடும், தூய்மை கெடும் என்றுதான் அன்றும் சொன்னார்கள். இன்று இந்த வட்டாரத்தில் எல்லாச் சமூகத்தாரும் வாழ்கிறார்கள். மனுவில் கையெழுத்திட்டவர்களில் பலர் நல்லவர்கள், நம்மோடு விலைவாசி எதிர்ப்புக் கூட்டங்களுக்கு வந்தவர்கள். அந்தப் பத்தியை எழுதியவர் பழக்க தோஷத்தில் எழுதியிருக்கலாம். ஆனாலும் அந்தப் பத்தியின் கீழ் ஒரு கம்யூனிஸ்டின் கையெழுத்து இருக்க முடியாது. எட்டாவது பத்தியின் கீழும் இருக்க முடியாது.

அதற்காக நாம் ஒதுங்கிக்கொள்ள வேண்டுமா? இங்கே ரத்லம் வழக்கை உங்களுக்கு நினைவூட்ட விரும்புகிறேன். மத்தியப் பிரதேசத்தின் ரத்லம் நகரில் ஒரு வார்டு மக்கள், தம் தெருவில் சாக்கடை தேங்குகிறது, சாராய ஆலையின் கழிவு ஓடுகிறது, பக்கத்துக் குடிசைவாசிகள் தெருவோரத்தில் மலம் கழிக்கிறார்கள் என்று குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 133ஆம் பிரிவின் கீழ் புகார் செய்தார்கள். கையில் காசில்லை என்றது நகராட்சி. 1980இல் வழக்கு உச்ச நீதிமன்றத்தில் நீதிபதி வி.ஆர்.கிருஷ்ணய்யர் முன் வந்தது. 1957இல் இ.எம்.எஸ். அமைச்சரவையில் சட்ட அமைச்சராக இருந்தவர் அவர். குடிசைவாசிகளைத் துரத்து என்று அவர் உத்தரவிட்டிருக்கலாம். அக்கம்பக்கத்தாருக்கு அதுவும் நிம்மதியைத் தந்திருக்கும். அவர் என்ன செய்தார்? கழிப்பிடங்களைக் கட்டு, தண்ணீர் கொடு, சாக்கடையைச் சீராக்கு, ஆலைக் கழிவை நிறுத்து என்று நகராட்சிக்கு உத்தரவிட்டார். காசில்லை என்ற வாதத்தை ஏற்கவில்லை. வீட்டுக்காரர்களின் புகார், குடிசைவாசிகளுக்குக் கழிப்பறையாக முடிந்தது. ஒரே ஆட்சேபத்தை இரண்டு திசையிலும் நடத்த முடியும் என்பதற்கு இதைவிட நல்ல எடுத்துக்காட்டு எனக்குத் தெரியாது.

செய்ய வேண்டியவை

என் கருத்து இதுதான். இந்த மனுவில் கையெழுத்திட வேண்டாம். தனி மனு கொடுப்போம். அக்கம்பக்கத்தாரிடம் சென்று ஏன் என்று நேராகச் சொல்வோம். ஏழாவது, எட்டாவது பத்திகளை நீக்கி, பின்கட்டுக் குடும்பங்களின் கோரிக்கையைச் சேர்க்க அவர்கள் ஒப்பினால் ஒரே மனுவாகவே கொடுக்கலாம். ஒப்பவில்லையென்றால் முதல் ஆறு பத்திகளில் ஒன்றாக நிற்போம், மற்றதில் வேறுபடுவோம். வெளிப்படையாக வேறுபடுவதால் உறவு கெடாது.

நம் மனுவில் மூன்று தரப்பின் கையெழுத்து இருக்க வேண்டும். பக்கத்தில் வாழ்வோர், உள்ளே வாழ்வோர், அங்கே வேலை செய்வோர். உள்ளே வாழ்வோருக்கு மாற்று இடமோ உரிய கால அவகாசமோ இல்லாமல் வேலை தொடரக் கூடாது என்று கேட்க வேண்டும். இதற்கு நேரான சட்டப்பிரிவு இல்லை என்று அதிகாரி சொல்வார். சொல்லட்டும். 14-ஏ பிரிவில் 'பொதுநலன்' என்ற சொல் இருக்கிறது; மூன்று குடும்பங்கள் வீடிழப்பது பொதுநலனா என்று எழுத்தில் பதில் கேளுங்கள். கட்டிட வேலை இப்போது நடந்துகொண்டிருக்கிறது. அந்தச் சித்தாள்களும் கொத்தனார்களும் நம் சங்கத்தவர்களாக இருக்கலாம்; வேலை நின்றால் அவர்களின் கூலி என்ன ஆகும் என்பதையும் முன்கூட்டியே பேசிவிடுங்கள். அவர்களை எதிரியாக நிறுத்திவிட்டு நாம் வெல்லப் போவதில்லை.

காலதாமதம் கூடாது. உடுப்பியில் செலவழித்த பணம் ஒரு வாதமாக நிற்கவில்லை என்பது உச்ச நீதிமன்றம் வரை போனபிறகு கிடைத்த முடிவு. மேல்தளக் கான்கிரீட் போட்டபின் மனு கொடுத்தால் ஐந்தாண்டு நீதிமன்றத்தில் கிடப்போம். தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் கட்டிட உரிமத்தின் நகலும் ஒப்புதல் பெற்ற வரைபடமும் இந்த வாரமே கேட்கப்பட வேண்டும். உரிமத்தில் குடியிருப்பு என்று இருந்து, வரைபடத்தில் எட்டு குளியலறைகள் இருந்தால், அதற்கு மேல் நீங்கள் வாதாட வேண்டியதே இல்லை. கர்நாடக மாநகராட்சிகள் சட்டத்தின் 321ஆம் பிரிவில் ஆணையருக்கு நிறுத்தும் அதிகாரமும் அகற்றும் அதிகாரமும் இருக்கின்றன. மீரட் தீர்ப்பின் நகலை மனுவோடு இணையுங்கள். மின்வாரியத்திற்கும் ஒரு நகல் போகட்டும்.

பெரிய மீறலிலிருந்து சிறியதற்கு வர வேண்டும் என்பதையும் மனுவில் எழுதுங்கள். நூறடிச் சாலையிலும் ராமானுஜா சாலையிலும் அனுமதிக்கு மாறாகக் கட்டப்பட்டவை எவை என்ற பட்டியலை மாநகராட்சி முதலில் வெளியிடட்டும். அதிகாரிகளுக்கு நடவடிக்கை எடுத்ததாகக் கணக்குக் காட்டத் தள்ளுவண்டிதான் எளிது. பொக்லைன்கூடத் தேவையில்லை, இரண்டு பேர் தூக்கிப்போட்டுவிடலாம். தெரு வியாபாரிகளுக்கென்று 2014இல் ஒரு சட்டமே வந்திருக்கிறது. இஸ்திரி வண்டிக்கு அதன் கீழ் சான்றிதழ் வாங்கித் தருவது நம் கிளையின் வேலையாக இருக்கட்டும்.

தோழர்களே, மனுவைக் கன்னடத்தில் எழுதித் தர ஒரு தோழர் இப்போதே ஒப்புக்கொண்டிருக்கிறார். எழுதி முடித்ததும் முதலில் பின்கட்டுக்குப் போங்கள். அங்குள்ள மூன்று குடும்பங்களில் ஒரு குடும்பத்திற்குக் கன்னடம் வாசிக்கத் தெரியாது என்று கேள்விப்பட்டேன். உட்கார்ந்து தமிழில் சொல்லுங்கள். வாடகை ரசீது இருக்கிறதா, மின்கட்டண ரசீது யார் பெயரில் வருகிறது, முன்பணம் எவ்வளவு கொடுத்தார்கள் என்பதைக் குறித்துக்கொள்ளுங்கள். அவர்கள் பயந்தால் வற்புறுத்த வேண்டாம். மறுநாள் மீண்டும் போங்கள். அவர்கள் கையெழுத்துக்குப் பிறகுதான் நம்முடையது.